உதவிக்கு வந்த நாற்பது பேர்

எங்கள் நொய்டார்ஃப் ஊரில் ஒரு மனிதருக்குக் கோபம் வந்தால் "ம்" என்பார். மிகுந்த கோபம் வந்தால் தொப்பியைக் கழற்றி, உள்ளே எதையோ தேடிப் பார்த்துவிட்டு, திரும்ப மாட்டிக்கொண்டு "ம்" என்பார். அதற்கு மேல் எங்களிடம் ஆயுதம் கிடையாது. 1978 ஜூன் மாதம் ஒரு வெள்ளிக்கிழமை மதியம் மூன்று மணிக்கு, கூட்டுறவுச் சங்கத்தின் தானியக் கோபுரத்துக்கு முன்னால் நாற்பது கோதுமை லாரிகள் வரிசையில் நின்றன. நாற்பது பேரும் தொப்பியைக் கழற்றியிருந்தார்கள்.

ரொபர்ட்டா பெல்ட்டை நிறுத்திவிட்டாள். அதுதான் விஷயம்.

கோபுரம் வேலை செய்யும் விதம் எளிது. லாரி வந்து எடைமேடையில் நிற்கும். எடை அறைக்குள் உட்கார்ந்து நான் எடை பார்ப்பேன். பிறகு லாரி உள்ளே போய்த் தரையிலுள்ள குழியில் கோதுமையைக் கொட்டும். குழியிலிருந்து வாளிகள் கோத்த ஒரு நீளமான பெல்ட், இரும்புக் கூண்டுக்குள்ளேயே நூற்றிருபது அடி மேலே ஏறி, தானியத்தை உச்சியில் கொட்டும். அங்கிருந்து அது வேண்டிய தொட்டிக்குப் போகும். பெல்ட் ஓடினால் ஊர் ஓடும். பெல்ட் நின்றால் ஊர் நின்று "ம்" என்று சொல்லும். அன்று மேற்கே கத்தரிக்காய் நிறத்தில் ஒரு மேகம் வேறு கிளம்பியிருந்தது. அறுத்த கோதுமை லாரியில், அறுக்காதது வயலில், இரண்டும் நனையக் கூடாதவை. அப்படிப்பட்ட நேரத்தில் கன்சாஸ் மாநிலத்தில் எவனும் பெல்ட்டை நிறுத்த மாட்டான். ரொபர்ட்டா நிறுத்தினாள்.

அதற்குப் பத்து நிமிடம் முன்பு உச்சியிலிருந்து எடை அறைக்கு ஃபோன் வந்தது. உச்சியில் இருப்பவர் லியாண்டர். முப்பது வருடமாக அங்கே இருக்கிறார், தேவைப்பட்டால் மட்டும் கீழே வருவார், தேவைப்பட்டால் மட்டும் பேசுவார். பெல்ட்டைச் சுழற்றும் உருளையின் இரு பக்கமும் இருக்கும் பேரிங்குகள் சூடாகின்றனவா என்று அவர் மணிக்கு ஒரு தடவை பார்ப்பார். எங்களிடம் வெப்பமானி உண்டு. ஆனால் லியாண்டர் உள்ளங்கையைப் பேரிங் மேல் வைத்துக்கொண்டு மரியே வாழ்க ஜெபத்தைச் சொல்வார். முழு ஜெபமும் கையை எடுக்காமல் சொல்ல முடிந்தால் பேரிங் நலம். பாதியில் எடுக்க வேண்டி வந்தால் எண்ணெய் விட வேண்டும்.

"ஏமஸு, ரொபர்ட்டா இருக்காளா?"

"இருக்காங்க. என்ன பெரியப்பா?"

"கிழக்குப் பக்கத்துப் பேரிங். 'அருள் நிறைந்த' வரைக்கும்தான் போச்சு."

நான் ஃபோனைக் கையில் பிடித்தபடியே திரும்பிப் பார்த்தேன். ரொபர்ட்டா அக்கா என் முகத்தைப் பார்த்தாள்.

"எவ்வளவு தூரம் போச்சாம்?"

"ரெண்டு வார்த்தை."

"ரப்பர் வாசனை வருதான்னு கேளு."

கேட்டேன். லியாண்டர் சற்று யோசித்து, "காலையிலேர்ந்து வருது, மதிய சாப்பாடுன்னு நினைச்சேன்" என்றார். ரொபர்ட்டா எழுந்து போய்ச் சிவப்புப் பொத்தானை அழுத்தினாள்.

இந்த இடத்தில் தூசியைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். நான் அப்போது மாநிலப் பல்கலைக்கழகத்தில் மாவரைப்பு அறிவியல் மூன்றாம் ஆண்டு மாணவன். அதாவது, கோதுமைத் தூசியைக் கண்டு பயப்படுவதற்கு இன்னும் ஒரு வருடத்தில் அரசாங்கச் சான்றிதழ் பெறப்போகிறவன். கோதுமையைத் தூக்கிக் கொட்டும்போதெல்லாம் தூசி பறக்கும். தரையில் படிந்து கிடக்கும்வரை அது சாது. அதன் மேல் படுத்துத் தூங்கலாம், சிலர் தூங்கியும் இருக்கிறார்கள். அதுவே காற்றில் மிதந்தால், ஆறடி தூரத்தில் எரியும் பல்பு கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு மிதந்தால், பிறகு ஒரு பொறி போதும். முதலில் சின்னதாக ஒரு 'பொத்'. அந்தச் சின்னது, சுவரிலும் உத்தரத்திலும் படிந்திருக்கும் அத்தனை தூசியையும் எழுப்பிவிடும். அப்புறம் வருவதுதான் பெரியது. அதற்கு முந்தைய கிறிஸ்துமஸ் வாரத்தில் தெற்கே வளைகுடாக் கரையில் ஐந்து நாள் இடைவெளியில் இரண்டு கோபுரங்கள் அப்படிப் போயின. ஐம்பதுக்கும் மேல் ஆட்கள். எங்கள் ஊரில் அதற்காக ஒரு பூசை வைத்தோம், பிறகு துடைப்பத்தை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டோம்.

ரொபர்ட்டாவின் நிலைமையையும் சொல்ல வேண்டும். பதினோரு வருடம் அவள் சங்கத்தின் கணக்கர். மார்ச் மாதம் பழைய மேலாளருக்கு நெஞ்சுவலி வந்து ஓய்வுக்குப் போனதும் அவளைத் தற்காலிக மேலாளர் ஆக்கினார்கள். நிரந்தரமாக்குவதா வேண்டாமா என்று வரும் திங்கட்கிழமை நிர்வாகக் குழு முடிவு செய்யும். குழுத் தலைவர் கிளீட்டஸ் புரூங்கார்ட். அவருக்கு ஒரு அக்கா மகன் இருந்தான், டாரல் என்று பெயர், பக்கத்து ஊரில் டிராக்டர் விற்கப் பார்த்துக்கொண்டிருந்தான். ரொபர்ட்டாவுக்கு அந்த வேலை வேண்டும் என்பது ஊருக்கே தெரியும். அவள் ஒருநாளும் வாய் திறந்து கேட்டதில்லை. எங்கள் ஊரில் யாரும் எதையும் கேட்பதில்லை. அன்றைய வரிசையில் முதல் லாரி கிளீட்டஸுடையது.

"லாரி ரேடியோவில சொல்லிடு ஏமஸு" என்றாள் அக்கா. "மரியாதையா சொல்லு. ரெண்டு மணி நேரம் ஆகும், எல்லாரும் எஞ்சினை அணைச்சிட்டு வண்டியிலயே இருக்கட்டும்."

நான் மைக்கை எடுத்து மரியாதையாகவே சொன்னேன். "பெல்ட்ல ஒரு பேரிங் சூடாகியிருக்கு. மாத்த ரெண்டு மணி நேரம் ஆகும். மன்னிக்கணும். எஞ்சினை அணைச்சிடுங்க." அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் வாய் ஓய்ந்த இடத்தில் பழக்கதோஷம் பேசியது. "யாராவது ஒரு கை கொடுத்தா நல்லாருக்கும்" என்று சேர்த்துவிட்டேன்.

காரில் ஏறி எஞ்சினைக் கிளப்பிவிட்ட விருந்தாளியிடம் "இருந்து சாப்பிட்டுப் போகலாமே" என்று சொல்வோம் இல்லையா, அந்த வகை வாக்கியம் அது. ஆனால் எங்கள் ஆட்களின் அமைப்பு வேறு. அடுத்தவன் வேலை செய்வதைக் கையைக் கட்டிக்கொண்டு பார்ப்பது அவர்களால் முடியாத ஒரே காரியம். ஒருவர் கூரை வேய்ந்தால் எட்டுப் பேர் ஏணியில் இருப்பார்கள், அதில் நான்கு பேருக்கு வீட்டுக்காரர் யாரென்றே தெரியாது. நாற்பது லாரிக் கதவுகள் ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்தன.

முதலில் வந்தவர் ஃபெலிக்ஸ். சங்கத்தின் துணைத் தலைவர். காற்றடிக்கும் கம்பிரசரை உருட்டிக்கொண்டு வந்தார்.

"உள்ள எந்தப் பக்கம் தம்பி?"

"எதுக்கு அது?"

"தூசியா இருக்கில்ல. கூட்டிக்கிட்டு உக்காந்தா நாளைக்கு ஆகும். இதால ஒரு ஊது ஊதினா பத்து நிமிஷத்துல பளிச்சுனு ஆயிடும்."

அவருக்குப் பின்னால் ஊர்பன் வெர்த் தோளில் கம்பிச் சுருளோடு வந்தார். வெல்டிங் மிஷின் அவர் லாரியின் பின்பக்கத்தில் எப்போதும் இருக்கும். திருவிழாவுக்குக்கூட அதோடுதான் வருவார். "பேரிங்க மாத்துறதெல்லாம் எதுக்கு? பழசு மேலேயே வெல்டிங்ல ஒரு ஒட்டு வெச்சுக் கொடுத்துர்றேன்" என்றார். "மேல வரைக்கும் வயர் எட்டும். அளந்துட்டேன்."

சூடான பேரிங் ஒன்று உச்சியில் இருக்கிறது. அதற்குக் கீழே ஒருவர் எண்பது வருடத் தூசியைக் காற்றில் எழுப்பப் போகிறார். இன்னொருவர் பொறி கொண்டுவருகிறார். என் மூன்றாமாண்டுப் பாடப்புத்தகத்தில் ஏழாவது அத்தியாயத்தின் படம் அப்படியே கால் முளைத்து, தொப்பி வைத்துக்கொண்டு, புன்னகையோடு நடந்து வந்தது. பின்னால் மூன்றுபேர் சம்மட்டியோடு வந்தார்கள். எதற்கென்று அவர்களுக்கே தெரியாது. சும்மா வரக் கூடாதே என்று எடுத்து வந்தார்களாம்.

ரொபர்ட்டா அக்கா எடை அறையைவிட்டு வெளியே வந்து வாசலை மறித்து நின்றாள். ஐந்தடி இரண்டங்குலம்.

"ஃபெலிக்ஸ் சித்தப்பா, வேண்டாம். ரொம்ப நன்றி. நாங்க பாத்துக்குறோம்."

"அட, இதுல என்னம்மா இருக்கு."

"நெஜமாவே வேண்டாம்."

"பரவால்லம்மா, நமக்கொண்ணும் சிரமமில்ல" என்று சொல்லி ஃபெலிக்ஸ் கம்பிரசரை இன்னும் மூன்றடி உருட்டினார்.

அக்காவின் கண்ணில் அப்போது ஒரு ஒளி வந்து போனது. எனக்கும் அப்போதுதான் உறைத்தது. எங்கள் ஊரில் உதவி வேண்டுமா என்று கேட்டால் இரண்டு தடவை வேண்டாம் என்பது மரியாதை; மூன்றாவது தடவை சரி என்பதும் மரியாதை. அதனால் அவள் சொல்லும் "வேண்டாம்" ஒவ்வொன்றையும் இவர்கள் நல்ல வளர்ப்பு என்று எடுத்துக்கொண்டு ஓரடி முன்னால் வருகிறார்கள். கோபக்காரர்களைத் தடுத்துவிடலாம். நல்லவர்களைத் தடுக்க எங்கள் பாஷையில் வார்த்தையே இல்லை.

"வெடிக்கும் சித்தப்பா" என்றாள் அவள் நேரடியாக. "தூசிய கிளப்புனா வெடிக்கும்."

"ஆமாமா, ஜாக்கிரதையாத்தான் ஊதுவேன்."

அதற்குள் கிளீட்டஸ் வந்து சேர்ந்தார். அவர் கையில் ஒன்றும் இல்லை, மணிக்கட்டில் கடிகாரம் மட்டும் இருந்தது. மேகத்தைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார், தொப்பியைக் கழற்றினார்.

"ம்."

"மாமா, பேரிங் உருகுற நிலைமையில இருக்கு. பெல்ட் கருகியிருக்கு."

"எண்பது வருஷமா நிக்குது இந்தக் கோபுரம். ஒரு தடவயாவது வெடிச்சிருக்கா?"

"ஒரு தடவ வெடிச்சா அப்புறம் எண்ணுறதுக்கு ஆள் இருக்காது மாமா."

"என் எண்பது ஏக்கர் இன்னும் நிக்குது ரொபர்ட்டா. அந்த மேகம் இங்க வர்ற நேரத்துல நீ பெல்ட்ட நிறுத்தி வெச்சிருக்க. பழைய மேலாளரு நிறுத்தியிருப்பாரா? எண்ணெய் விட்டு ஓட்டியிருப்பாரு." குரல் உயரவில்லை, எங்கள் ஊரில் குரல் உயராது. "இத திங்கக்கிழமை குழுவுல பேச வேண்டிவரும். உன் பேருக்கு நல்லதில்ல."

சுற்றி நின்றவர்கள் தரையைப் பார்த்தார்கள். ஃபெலிக்ஸ் கம்பிரசரின் கைப்பிடியைத் துடைத்தார். அதாவது, வேலை போயிற்று என்று எல்லோர் முன்னாலும் சொல்லியாயிற்று.

ரொபர்ட்டா அக்கா லாரிகளின் பக்கம் திரும்பினாள். வரிசையை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை பார்த்தாள். உதடு அசைந்தது, எண்ணுகிறாள் போலிருந்தது. பிறகு அவள் சொன்னதை நான் எதிர்பார்க்கவே இல்லை.

"எதுக்கு மாமா திங்கக்கிழமை? சங்க விதி நாலாவது பிரிவு. தலைவர் கூப்பிட்டு, முப்பது உறுப்பினர் இருந்தா அங்கேயே பொதுக்கூட்டம் நடத்தலாம். என்னை எடுக்குற தீர்மானத்த குழு எதுக்குப் போடணும்? உறுப்பினர்களே போடட்டும். இப்பவே."

கிளீட்டஸ் தன் பின்னால் நின்ற கூட்டத்தைத் திரும்பிப் பார்த்தார். ஒன்பது வருடமாக அவர் தலைவர். ஒன்பது வருடத்தில் ஒரு பொதுக்கூட்டத்துக்கும் முப்பது பேர் சேர்ந்ததில்லை. பன்றித்தொடை பரிசுக் குலுக்கல் வைத்துப் பார்த்தார், மாமிசப் பன் போட்டுப் பார்த்தார், பாதிரியாரைவிட்டுச் சொல்லிப் பார்த்தார். அதிகபட்சம் இருபத்தாறு. இதோ நாற்பது பேர், எங்கும் போக முடியாமல், கண்ணெதிரே நிற்கிறார்கள்.

"நாப்பது பேர் இருக்காங்களா?" என்றார் மெதுவாக.

"எண்ணிட்டேன் மாமா. ஆனா இங்க வேண்டாம், வெயில். தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம், மரத்தடியில வெச்சுக்கலாம். உறுப்பினர் எல்லாரும் வரணும், ஒருத்தர் குறைஞ்சாலும் சங்கத்துக்கு மரியாதை இல்ல. சாமானெல்லாம் இங்கயே இருக்கட்டும்."

என்னைத் தனியே இழுத்துக் காதில் சொன்னாள்: "குறிப்பு நீ எழுது. நான் மேல லியாண்டர்கிட்ட போறேன். கூட்டத்த நீட்டு."

"எவ்வளவு நேரம்?"

"பேரிங் மாத்தி முடிக்குற வரைக்கும்."

"அக்கா, உன்ன வேலையவிட்டு எடுக்கத்தான் கூட்டம்."

"தெரியும்டா. வேற எதைச் சொன்னா இவங்க நாப்பது பேரும் கட்டடத்தவிட்டு இருநூறடி தள்ளிப் போவாங்க?" என்று சொல்லிவிட்டு, புதுப் பேரிங்கையும் துடைப்பத்தையும் கோணிப்பையையும் எடுத்துக்கொண்டு ஒற்றையாள் லிஃப்டில் ஏறினாள்.

மரத்தடியில் கிளீட்டஸ் ஒரு திருகுசாவியால் லாரிப் படியைத் தட்டிக் கூட்டத்தைத் துவக்கினார். அவருடைய பலம் ஒழுங்கு, பலவீனமும் அதுதான். தீர்மானத்துக்கு நேரே போய்விடுவார் என்று பயந்துகொண்டிருந்தேன். நான் எழுந்து, "தலைவரே, போன கூட்டத்துக் குறிப்ப வாசிச்சு ஏத்துக்கணுமில்ல?" என்று கேட்டேன்.

"கண்டிப்பா வாசிக்கணும்."

"போன ஒன்பது வருஷத்துக் கூட்டமும் ஆள் பத்தாம நின்னு போச்சு. ஒன்பதையும் வாசிக்கட்டுமா?"

கிளீட்டஸ் என்னைக் கூர்ந்து பார்த்தார். நான் கல்லூரியில் பேராசிரியர்களிடம் பழகிய முகத்தை வைத்துக்கொண்டேன். "வாசி" என்றார்.

எடை அறை அலமாரியிலிருந்து குறிப்புக் காகிதக் கட்டை எடுத்துவந்து வாசித்தேன். நிதானமாக. கமா, முற்றுப்புள்ளி எல்லாவற்றுக்கும் உரிய ஓய்வு கொடுத்து. 1975ஆம் ஆண்டுக் குறிப்பில் ஃபெலிக்ஸ் 'தும்மினார்' என்று எழுதியிருந்தது; அது தவறு, இருமினேன் என்று அவர் திருத்தம் கொண்டுவந்தார். அது கால் மணி நேரம் போயிற்று. அப்போது பக்கத்தில் இருந்தவர் தும்மல்தான் என்று சாட்சி சொன்னார்.

பிறகு நிலுவை விஷயங்கள். எடை அறைக்குப் பின்னாலுள்ள கழிப்பறைக் கூரை. குளிர்பான இயந்திரத்தில் எலுமிச்சைப் பொத்தானை அழுத்தினால் திராட்சை வருவது. இறந்துபோன இரண்டு உறுப்பினர்களுக்கு மௌன அஞ்சலி. நான் மூன்றாவதாக ஒருவரையும் நினைவூட்டினேன், அவர் உயிரோடு ஒன்பதாவது லாரியில் வந்திருந்தார், அவரே எழுந்து அதைத் தெளிவுபடுத்தினார். கழிப்பறைக் கூரைக்குத் தகரமா ஓடா என்பதில் ஊர்பன் வெர்த் இருபது நிமிடம் பேசினார். நல்ல பேச்சு. மனிதருக்குள் இவ்வளவு இருக்கிறதென்று யாருக்கும் தெரியாது.

நான் எழுதிக்கொண்டே உச்சியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நூற்றிருபது அடி உயரத்தில் ஒரு சின்ன ஜன்னல். அதற்குள்ளே இரண்டு பேர், ஒரு சூடான இரும்பு. ரொபர்ட்டா தூசியை ஈரக் கோணியால் மெல்ல மெல்லத் துடைத்தெடுப்பாள், லியாண்டர் பித்தளைச் சுத்தியல் மட்டும்தான் பயன்படுத்துவார். இரும்பில் இரும்பு மோதினால் பொறி. எல்லாம் சரியாகச் செய்வார்கள். சரியாகச் செய்பவர்களுக்கும் கோபுரம் ஒன்றுதான்.

நாலரை மணிக்கு மேலிருந்து 'தொம்' என்று ஒரு சத்தம்.

ஊர்பன் தகரத்தின் நடுவில் நின்றுபோனார். நாற்பது தலைகள் திரும்பின. கூரையிலிருந்த புறாக்கள் மொத்தமாகக் கிளம்பி ஒரு வட்டம் போட்டன. ஃபெலிக்ஸின் உதடு 'அருள் நிறைந்த மரியே' என்று தொடங்கியதைப் பார்த்தேன். அவர் முழுவதையும் சொல்லி முடித்து மறுபடி ஆரம்பித்தார். கிளீட்டஸின் கையில் திருகுசாவி தட்டாமல் அப்படியே நின்றது. அடுத்து வருவதுதான் பெரியது என்று எனக்குப் பாடத்தில் இருந்தது. நான் அதற்காகக் காத்திருந்தேன்.

ஜன்னலில் ஒரு முகம் தெரிந்தது. கரியாக இருந்தது. ஒரு கை வெளியே வந்து, ஸ்டியரிங்கைப் பிடித்தபடி எதிரே வருகிறவருக்கு நாங்கள் காட்டுவோமே, அதுபோல ஒரே ஒரு விரலைத் தூக்கியது. நலம்.

"பழைய பேரிங் கழண்டு விழுந்திருக்கும்" என்றார் ஊர்பன்.

"ம்" என்றார்கள் சிலர். இது வேறு வகை 'ம்'. நான் அதை இதற்கு முன் கேட்டதில்லை.

கிளீட்டஸ் கோபுரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "தகரம்தான். ஓட்டெடுப்பு" என்றார்.

கழிப்பறை முடிந்தது. குளிர்பானம் முடிந்தது. என் கையில் வாசிக்க ஒன்றும் மிஞ்சவில்லை. ஐந்தேகாலுக்கு எஞ்சியிருந்தது ஒரே விஷயம். தலைவர் தானே தீர்மானம் கொண்டுவர முடியாது என்பதால் கிளீட்டஸ் விதிப்படி திருகுசாவியை ஃபெலிக்ஸிடம் கொடுத்துவிட்டுக் கீழே இறங்கி மற்றவர்களோடு நின்றார்.

"அறுவடை நேரத்துல, குழுவக் கேக்காம பெல்ட்ட நிறுத்தினதுக்காக, ரொபர்ட்டா லைக்கரை தற்காலிக மேலாளர் பதவியிலேர்ந்து எடுக்கணும்னு முன்மொழியுறேன்" என்றார். வார்த்தைகளைச் சேகரித்து வைத்திருந்தவர் போல ஒரே மூச்சில் சொன்னார். நான் எழுதினேன்.

அந்த நேரத்தில் தண்டவாளத்தைத் தாண்டி ரொபர்ட்டா வந்தாள். முகம், கை, சட்டை எல்லாம் கிரீஸ். கையில் ஒரு வாளி. அதைக் கூட்டத்துக்கு நடுவில் வைத்தாள். உள்ளே பழைய பேரிங்; நீலமும் கறுப்புமாக நிறம் மாறியிருந்தது. பக்கத்தில் பெல்ட்டின் ஒரு துண்டு, கரி மாதிரி.

"கூட்டத்துக்குக் குறுக்க வந்தா மன்னிக்கணும்" என்றாள். "லியாண்டர் புதுசுல பெல்ட்ட மாட்டிக்கிட்டிருக்கார். பத்து நிமிஷம்."

முதலில் ஊர்பன் பேரிங்கை எடுத்தார். உள்ளே குண்டுகள் ஒன்றோடொன்று ஒட்டி ஒரே கட்டியாக இருந்தன. உருட்டிப் பார்த்தார், உருளவில்லை. பக்கத்தில் நின்றவரிடம் கொடுத்தார். அவர் மோந்து பார்த்தார். அவர் அடுத்தவரிடம். கருகிய பெல்ட் துண்டு வேறு பாதையில் போயிற்று; தொட்டவர் விரலெல்லாம் கரியாயிற்று, யாரும் துடைக்கவில்லை. பேரிங் ஃபெலிக்ஸிடம் வந்தபோது அவர் தன் கம்பிரசர் நின்ற திசையில் ஒரு பார்வை பார்த்தார். உட்கார்ந்துகொண்டார்.

"தீர்மானம் வந்திருக்கு" என்றார் உட்கார்ந்தபடியே. "ஆதரிக்கிறவங்க யாராவது?"

புறாக்கள் திரும்பிவந்து கூரையில் அமரும் சத்தம் கேட்டது.

"இன்னொரு தடவ கேக்குறேன். ஆதரிக்கிறவங்க?"

பேரிங் அப்போது கிளீட்டஸ் கைக்கு வந்து சேர்ந்திருந்தது. அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ரொபர்ட்டா அவரைப் பார்க்கவில்லை. மேகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அது பாதி வானத்துக்கு வந்துவிட்டது.

"மூணாவது த—" என்று ஃபெலிக்ஸ் தொடங்கினார். கோபுரத்துக்குள்ளிருந்து மோட்டார் உறுமியது. வாளிகள் ஒன்றன்பின் ஒன்றாக ஏறும் சத்தம் கேட்டது. வரிசையில் தன் இடத்தைவிட்டால் பிறகு அது தன் இடமல்ல. நாற்பது பேரும், கிளீட்டஸ் முதலாக, ஃபெலிக்ஸ் திருகுசாவியோடு, தண்டவாளத்தைத் தாண்டி ஓடினார்கள். அறுபது வயதுக்கு மேற்பட்டவர்கள் இப்படி ஓடி நான் பார்த்ததில்லை. மரத்தடியில் நானும் குறிப்பேடும் மிச்சம்.

ஆறு பத்துக்கு மழை வந்தது. அதற்குள் பத்து லாரிகள் காலியாகிவிட்டன. முப்பது, தார்ப்பாய் போட்டுக்கொண்டு இடத்தைவிடாமல் நின்றன. கிளீட்டஸின் எண்பது ஏக்கர் நின்றபடியே நனைந்தது. மழை விட்டதும் எடை அறைக்கு வந்தார். தொப்பியிலிருந்து நீர் சொட்டியது.

"எண்பது ஏக்கரும் போச்சு."

"முழுசும் போகாது மாமா. காஞ்சதும் அறுக்கலாம். எடை கொஞ்சம் குறையும்."

"ம்" என்றார். தொப்பியை ஒரு உதறு உதறிவிட்டு, "ஜெபம் ரெண்டு வார்த்தைதான் போச்சுன்னானாமே லியாண்டர். ரெண்டே வார்த்தையா?"

"ரெண்டே வார்த்தை."

"அப்ப ரொம்பச் சூடு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அடுத்த வாரத்திலிருந்து அறுவடை முடியும்வரை தினமும் மதியம் ஒரு மணி நேரம் பெல்ட் நின்றது. ரொபர்ட்டா, லியாண்டர், நான் மூவரும் ஈரக் கோணியால் தூசியை வழித்து மூட்டை கட்டினோம். யாரும் உதவிக்கு வரவில்லை. அது அவர்களுக்கு எவ்வளவு கஷ்டமாக இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். லாரிக்குள் உட்கார்ந்துகொண்டு ஸ்டியரிங்கைப் பிசைந்துகொண்டிருப்பார்கள்.

அந்த வெள்ளிக்கு அடுத்த திங்கட்கிழமையே நிர்வாகக் குழு கூடியது. டாரல் முடியை வாரிக்கொண்டு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். கிளீட்டஸ் உள்ளே போய் என் குறிப்பேட்டை வாங்கி ஒருமுறை முழுக்கப் படித்தார். பிறகு குழுவைப் பார்த்து, "வெள்ளிக்கிழமை பொதுக்கூட்டம் இன்னும் முடியல" என்றார். "யாரும் ஒத்திவைக்கல. குறிப்புல இல்ல. பொதுக்கூட்டம் நடந்துக்கிட்டிருக்கும்போது குழு எந்த முடிவும் எடுக்க முடியாது. விதி." குழுவில் இருந்த ஆறு பேரும் தலையாட்டினார்கள். விதி என்றால் விதிதான். டாரல் வீட்டுக்குப் போய்விட்டான், ரொபர்ட்டா தற்காலிக மேலாளராகவே நீடித்தாள்.

அது நடந்து ஒன்றரை வருடமாகிறது. நான் படிப்பை முடித்துவிட்டேன், ரொபர்ட்டா அக்காவிடமே சம்பளத்துக்கு இருக்கிறேன். பொதுக்கூட்டம் இன்னும் நடந்துகொண்டுதான் இருக்கிறது. அதன் நடுவே அவள் தூசி உறிஞ்சும் இயந்திரம் ஒன்றும் வாங்கிவிட்டாள். நடைபெறும் கூட்டத்தில் எழுந்த சிறு செலவு என்று போட்டோம். போன வாரம் எடைமேடையில் கிளீட்டஸ் லாரியை நிறுத்தியபோது ஜன்னல் வழியாகக் கேட்டேவிட்டேன்.

"மாமா, அந்தக் கூட்டத்த ஒத்திவைக்க ஒருத்தர் ஒரு வரி சொன்னா போதுமே. அரை நிமிஷ வேலை."

"நீ சங்கத்துல உறுப்பினரா?"

"இல்லியே."

"அப்ப உனக்கு முன்மொழிய உரிமை இல்ல" என்றார் கிளீட்டஸ். "எடையப் பாரு."